ஆசிரியர் முதல்வரானால்

வாசகர் ஒருவர் கேட்ட கேள்வி இது: நாளிதழ் ஆசிரியராக இருந்தவரைக் கல்லூரிக்கும் அறக்கட்டளைக்கும் தலைவராக உட்காரவைக்கிறார்களே, அது ஓய்வுபெறும் பெரிய மனிதருக்குப் போர்த்தும் பொன்னாடையா? அல்லது அந்த வேலைக்கு இந்த வேலை உண்மையிலேயே ஆளைப் பழக்கிவிடுகிறதா?

தமிழில் கேட்டால் இந்தக் கேள்வியே கொஞ்சம் வேடிக்கையாக ஒலிக்கும். பத்திரிகை நடத்துபவரும் நமக்கு ஆசிரியர், பாடம் நடத்துபவரும் ஆசிரியர். மொழி இரண்டுக்கும் நடுவே சுவர் எழுப்பவில்லை. சுவர் நடைமுறையில்தான் இருக்கிறது. செய்தி மேசையில் பதினெட்டு ஆண்டுகள் இருந்துவிட்டு, பிறகு ஒரு சிறு கல்லூரியின் ஆட்சிக் குழுவில் ஆறு ஆண்டுகள் உட்கார்ந்தவன் நான். அந்தச் சுவரில் முட்டிக்கொண்ட தழும்பு எனக்கும் உண்டு. ஆனால் என் கதை சிறியது. நன்கு பதிவாகியிருக்கும் ஒரு பெரிய கதையை வைத்துச் சொல்கிறேன்.

லண்டனின் ‘கார்டியன்’ நாளிதழுக்கு 1995 முதல் 2015 வரை ஆசிரியராக இருந்தவர் ஆலன் ரஸ்பிரிட்ஜர். அவர் காலத்தில் அந்தப் பத்திரிகை எதிர்கொண்ட சண்டைகள் சாதாரணமானவை அல்ல. ஜோனதன் ஐட்கன் என்ற முன்னாள் அமைச்சர் தொடுத்த அவதூறு வழக்கு 1997இல் நீதிமன்றத்திலேயே சரிந்தது. பொய்ச் சாட்சியத்துக்காக அவர் 1999இல் சிறைக்குப் போனார். செய்திக்காகப் பத்திரிகையாளர்கள் பிறருடைய தொலைபேசிகளை ஒட்டுக்கேட்ட விவகாரத்தை 2009இலிருந்து விடாமல் துரத்தியதன் முடிவில், 2011 ஜூலையில் ‘நியூஸ் ஆஃப் தி வேர்ல்ட்’ என்ற வாரப் பத்திரிகையே மூடப்பட்டது. 2013இல், அமெரிக்க உளவு அமைப்பின் ரகசியக் கண்காணிப்பை அம்பலப்படுத்திய எட்வர்ட் ஸ்னோடன் கொடுத்த ஆவணங்கள் வந்தன. அரசின் நெருக்குதல் முற்றியபோது, அந்த ஆண்டு ஜூலையில் அலுவலகத்தின் நிலவறையில், உளவுத்துறையின் தொழில்நுட்ப ஆட்கள் பார்த்துக்கொண்டிருக்க, பத்திரிகை ஊழியர்களே துளைக்கும் கருவிகளையும் அறுக்கும் கருவிகளையும் கொண்டு தங்கள் கணினிகளை நொறுக்கினார்கள். பிரதிகள் வேறு நாட்டில் இருந்தன என்பது இரு தரப்புக்கும் தெரியும். டிசம்பரில் நாடாளுமன்றக் குழு முன் நின்றபோது, “இந்த நாட்டை நேசிக்கிறீர்களா?” என்று அவரிடம் கேட்டார்கள். மறு ஆண்டு பொதுச்சேவைக்கான புலிட்சர் பரிசு, ‘வாஷிங்டன் போஸ்ட்’டுடன் சேர்த்து, அவருடைய பத்திரிகைக்கு வந்தது.

இப்படிப்பட்டவர் 2015இல் ஆக்ஸ்ஃபோர்டில் சுமார் நானூறு இளநிலை மாணவர்கள் படிக்கும் லேடி மார்கரெட் ஹால் கல்லூரிக்கு முதல்வராகப் போனார். பட்டியலில் முன்னால் நிற்கும் செல்வந்தக் கல்லூரி அல்ல அது. 1878இல் பெண்களுக்காகத் தொடங்கப்பட்டது. ஆக்ஸ்ஃபோர்டுக்குள் பெண்கள் நுழைய முதலில் திறந்த கதவு அதுதான். ஆண்களை 1979இல்தான் சேர்த்துக்கொண்டார்கள். பெனாசிர் பூட்டோ படித்த இடம். பின்னாளில் மலாலா யூசுஃப்சாய் படித்ததும் இங்கேதான், அதுவும் ரஸ்பிரிட்ஜர் முதல்வராக இருந்த நாட்களில்.

பொன்னாடை என்று நீங்கள் சந்தேகிப்பது புரிகிறது. ஆனால் ஆக்ஸ்ஃபோர்டின் பெரும்பாலான கல்லூரிகளில் முதல்வரை மேலிருந்து யாரும் நியமிப்பதில்லை. அங்கே பாடம் சொல்லும், ஆய்வு செய்யும் ஃபெலோக்கள் கூடித் தங்கள் தலைவரைத் தாங்களே தேர்ந்தெடுக்கிறார்கள். தேர்ந்தெடுத்த பிறகும் அதிகாரம் அவர்களிடமேதான். எந்த மாணவரைச் சேர்ப்பது என்பது அந்தந்தப் பாட ஆசிரியர்களின் முடிவு. எதை, எப்படிக் கற்பிப்பது என்பதும் அப்படியே. முதல்வர் கூட்டத்துக்குத் தலைமை தாங்கலாம், விருந்தில் பேசலாம், பணம் திரட்டலாம், அழுதுகொண்டு வரும் மாணவரைக் கேட்கலாம். கட்டளையிட முடியாது.

நாளிதழிலிருந்து வருபவருக்கு முதலில் இடிப்பது இதுதான். ஆசிரியரின் அதிகாரம் தினமும் புதுப்பிக்கப்படும் ஒன்று. மாலை ஆறு மணிக்கு நான்கு பேர் நான்கு விதமாகச் சொல்வார்கள். ஏழு மணிக்கு முதல் பக்கம் எது என்று ஒருவர் முடிவு செய்தாக வேண்டும். தவறினால் நாளைக்கு இன்னொரு பத்திரிகை இருக்கிறது. கல்லூரியில் நாளைக்கு இன்னொரு கூட்டம்தான் இருக்கும். என் முதல் ஆட்சிக் குழுக் கூட்டத்தில், விடுதித் தண்ணீர்த் தொட்டி பற்றிய தீர்மானம் மூன்று கூட்டங்களாக ஒத்திவைக்கப்பட்டு வந்திருப்பதைக் கண்டு, “இன்றைக்கே முடித்துவிடலாமே” என்றேன். கணிதத் துறைத் தலைவர் என்னைப் பார்த்த பார்வை இன்னும் நினைவிருக்கிறது. கோபமில்லை, இரக்கம்.

ரஸ்பிரிட்ஜருக்கு இந்த இடி கொஞ்சம் மெதுவாக விழுந்திருக்க வேண்டும் என்பது என் ஊகம். காரணம் ‘கார்டியன்’ அமைப்பே. அந்தப் பத்திரிகைக்கு முதலாளி கிடையாது. 1936இல் ஸ்காட் குடும்பம் தன் உரிமையை ஓர் அறக்கட்டளைக்கு ஒப்படைத்தது. ஆசிரியருக்கு அறக்கட்டளை இடும் ஒரே கட்டளை, இதுவரை நடந்துவந்த வழியிலேயே நடத்துங்கள் என்பது. காலை ஆலோசனைக் கூட்டத்தில் ஊழியர் யாரும் வந்து உட்காரலாம், ஆசிரியரை எதிர்த்தும் பேசலாம். புதிய ஆசிரியரைத் தேர்ந்தெடுக்கும்போது பத்திரிகையாளர்களிடம் கருத்து வாக்கெடுப்பு நடத்துவார்கள். 2015இல் அவருக்குப் பின் வந்த கேத்தரின் வைனர் அந்த வாக்கெடுப்பில் பெரும்பான்மை பெற்றவர். ஆகவே அந்த ஆசிரியர் நாற்காலியே பாதி கல்லூரி நாற்காலிதான். லாபநோக்கற்ற வாழ்க்கைக்குள் அவர் 2015இல் நுழைந்தார் என்பது சரியல்ல. இருபது ஆண்டுகளாக அதற்குள்ளேயே இருந்தார்.

அப்படியானால் பத்திரிகைத் தொழிலிலிருந்து என்னத்தை எடுத்துக்கொண்டு போனார்? பலரும் எழுத்துத் திறமை, பேச்சு, பெரிய மனிதர்களின் தொடர்பு என்பார்கள். தொடர்பு உதவியது உண்மை. எம்மா வாட்சன், பெனடிக்ட் கம்பர்பேட்ச் போன்ற நடிகர்களைக் கல்லூரியின் வருகைதரு ஃபெலோக்களாக 2016இல் கொண்டுவந்தார். செய்தித்தாள்களுக்கு நல்ல படம். அதற்கு மேல் அதில் பெரிதாக ஒன்றுமில்லை என்பது என் எண்ணம்.

அவர் கொண்டுபோன உண்மையான சரக்கு வேறு. ஒரே ஒரு விஷயத்தைப் பிடித்துக்கொண்டு, மற்றவர்களுக்குச் சலித்துப்போன பிறகும் விடாமல் இருப்பது. ஒட்டுக்கேட்புச் செய்தியை இரண்டு ஆண்டுகள் மற்றப் பத்திரிகைகள் பெரும்பாலும் கண்டுகொள்ளவில்லை; இவர்கள் விடவில்லை. கல்லூரியில் அவர் பிடித்துக்கொண்ட விஷயம், யார் உள்ளே வருகிறார்கள் என்பது. ஆக்ஸ்ஃபோர்டு மீது இருக்கும் பழைய குற்றச்சாட்டுத்தான்: வசதியான பள்ளிகளின் பிள்ளைகளே நிறைந்திருக்கிறார்கள், ஏழை வீட்டுப் பிள்ளைகளும் கறுப்பின மாணவர்களும் அரிதாகவே தென்படுகிறார்கள். 2017இல் டேவிட் லேமி என்ற நாடாளுமன்ற உறுப்பினர் கேட்டு வாங்கி வெளியிட்ட கணக்கின்படி, 2015இல் ஆக்ஸ்ஃபோர்டின் கல்லூரிகளில் ஏறக்குறைய மூன்றில் ஒன்று, பிரிட்டனின் கறுப்பின மாணவர் ஒருவரைக்கூடச் சேர்த்துக்கொள்ளவில்லை.

இதற்கு லேடி மார்கரெட் ஹால் கண்ட வழி, ‘அடித்தள ஆண்டு’. டப்ளினின் டிரினிட்டி கல்லூரி ஏற்கெனவே நடத்திவந்த ஒரு திட்டத்தைப் பார்த்து எடுத்துக்கொண்டது அது. திறமை இருக்கிறது, ஆனால் வீட்டுச் சூழலாலும் பள்ளியாலும் மதிப்பெண் கொஞ்சம் குறைந்துவிட்டது என்கிற மாணவர்களை வழக்கத்தைவிடக் குறைந்த மதிப்பெண்ணில் எடுத்து, ஓராண்டு கல்லூரியிலேயே தங்கவைத்துக் கற்பிப்பார்கள். கல்விக் கட்டணம் இல்லை, தங்குவதற்கும் பணம் இல்லை. ஆண்டு முடிவில் தேறினால் பட்டப்படிப்புக்குப் போகலாம். இல்லாவிட்டால் வேறு பல்கலைக்கழகம் சேர உதவி கிடைக்கும். முதல் அணி மிகச் சிறியது, ஒரு மேசையைச் சுற்றி உட்காரவைத்துவிடலாம். அவர்களில் பெரும்பாலோர் அங்கேயே பட்டப்படிப்பைத் தொடர்ந்தார்கள்.

இதில் நான் நின்று கவனிக்கும் இடம் தேதிதான். அவர் பொறுப்பேற்றது 2015 இலையுதிர் பருவத்தில். முதல் அணி வந்து சேர்ந்தது 2016 இலையுதிர் பருவத்தில். பல நூறு ஆண்டுகளாக மெதுவாக நடந்து பழகிய ஊரில், ஓராண்டுக்குள் ஆட்சிக் குழுவைச் சம்மதிக்கவைத்து, பணம் தேடி, மாணவர்களைத் தேர்ந்தெடுத்து உட்காரவைத்திருக்கிறார்கள். முழுப் புகழும் அவருக்குச் சேராது. பாடம் சொல்லச் சம்மதித்த ஃபெலோக்கள் இல்லாவிட்டால் ஒன்றும் நடந்திருக்காது. ஆனால் அந்த வேகத்தில் அச்சுக்கூடத்தின் வாடை அடிக்கிறது. பெரிய சீர்திருத்தம் என்று பேசி ஆண்டுக்கணக்கில் குழு அமைப்பதற்குப் பதிலாக, பத்துப் பேரோடு தொடங்கிவிடுவது. பத்திரிகையாளருக்கு இது இயல்பு. முதல் பதிப்பு குறையோடுதான் வரும். இரண்டாம் பதிப்பில் திருத்திக்கொள்ளலாம்.

இப்போது கதையின் மறுபக்கம். ‘கார்டியன்’ ஆசிரியர் பதவியிலிருந்து விலகும்போது அவருக்கு இரண்டு பதவிகள் பேசப்பட்டிருந்தன. ஒன்று ஆக்ஸ்ஃபோர்டு. மற்றொன்று, 2016 செப்டம்பரில் ஸ்காட் அறக்கட்டளைக்கே தலைவராவது. இரண்டில் எது எளிதாக அமையும் என்று அப்போது கேட்டிருந்தால் நான் கண்ணை மூடிக்கொண்டு இரண்டாவதைச் சொல்லியிருப்பேன். சொந்த வீடு, தெரிந்த மனிதர்கள், இருபது ஆண்டுப் பழக்கம். அந்தப் பதவிதான் நழுவியது. பத்திரிகையின் நட்டம் பெருகிக்கொண்டே போனது. 2016 ஜனவரியில் செலவை ஐந்தில் ஒரு பங்கு குறைக்கப்போவதாக நிர்வாகம் அறிவித்தது. புதிய ஆசிரியரும் தலைமை நிர்வாகியும், பழைய ஆசிரியர் தங்களுக்கு மேலே வந்து உட்காருவதை விரும்பவில்லை என்று செய்திகள் வந்தன. மே மாதம், தலைவர் பதவியை ஏற்கப்போவதில்லை என்று ரஸ்பிரிட்ஜர் அறிவித்தார்.

அந்த நட்டத்துக்கு அவர் ஒருவரே காரணம் என்று சொன்னால் அது அநியாயம். அச்சு விளம்பரம் எல்லாருக்கும்தான் சரிந்தது. ஆனால் அவருடைய முடிவுகளுக்குப் பங்கில்லை என்பதும் பொய். 2005இல் பத்திரிகையின் அளவை மாற்றி, அதற்கென்று சுமார் 8 கோடி பவுண்டு செலவில் புதிய அச்சு இயந்திரங்கள் வாங்கினார்கள். 2018இல் அந்த அளவையே கைவிட்டு, அச்சடிக்கும் வேலையை வெளியே கொடுத்துவிட்டார்கள். இணையத்தில் கட்டணச் சுவர் வேண்டாம், எல்லாரும் படிக்கட்டும் என்ற அவருடைய நிலைப்பாடு வாசகர்களை உலகமெங்கும் பெருக்கியது, ஆள் சேர்க்கவும் வைத்தது, வருமானத்தை அதே வேகத்தில் கூட்டவில்லை. ஆட்டோ டிரேடர் என்ற கார் விளம்பர நிறுவனத்தின் பங்குகளை 2014இல் விற்று, 60 கோடி பவுண்டுக்கு மேல் மூலநிதியில் சேர்த்தார்கள். அது கையில் இருந்ததால் தாக்குப்பிடித்தார்கள். பிறகு 2019இல், வாசகர்கள் விரும்பித் தரும் தொகையின் துணையோடு, கணக்கு மிகச் சிறிய லாபத்துக்குத் திரும்பியது. சுவர் எழுப்பாமலேயே. அவருடைய கொள்கை தோற்கவில்லை, கணக்குத்தான் தாமதமாக நேரானது என்று வாதாடலாம். நான் பாதி ஒப்புக்கொள்வேன்.

பணம் என்ற இடத்தில்தான் ஆசிரியர்கள் தலைவர்களாகும்போது சறுக்குகிறார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது. அதற்குக் காரணம் தொழிலின் ஒழுக்கமே. விளம்பரப் பிரிவுக்கும் ஆசிரியர் குழுவுக்கும் நடுவே சுவர் இருக்க வேண்டும், யார் எவ்வளவு தருகிறார்கள் என்பது செய்திக்குள் வரக்கூடாது என்று பழக்கியே எங்களை வளர்த்தார்கள். நல்ல பழக்கம். ஆனால் அந்தப் பழக்கத்தோடு அறக்கட்டளைத் தலைவர் ஆனால், பணம் கேட்பதே முதல் வேலை என்று தெரியும்போது நாக்கு எழாது. ஆட்சிக் குழுவில் இருந்தபோது ஒரு தொழிலதிபர் வீட்டு வரவேற்பறையில் முக்கால் மணி நேரம் அவருடைய பேரனின் படிப்பைப் பற்றிப் பேசிவிட்டு, வந்த காரியத்தைச் சொல்லாமலே எழுந்து வந்தவன் நான்.

இதே நாட்டில் இன்னோர் ஆசிரியரைப் பாருங்கள். வில் ஹட்டன், 1996 முதல் ‘அப்சர்வர்’ ஞாயிறு இதழின் ஆசிரியர். 2000இல் இண்டஸ்ட்ரியல் சொசைட்டி என்ற பழைய தொண்டு நிறுவனத்தின் தலைமை நிர்வாகியானார். அது பயிற்சி வணிகத்தைக் கைகழுவி, வொர்க் ஃபவுண்டேஷன் என்று பெயர் மாற்றிக்கொண்டு, வேலைவாய்ப்பு பற்றி ஆராயும் அமைப்பாக மாறியது. கருத்துலகில் நல்ல பெயர். ஆனால் பழைய ஊழியர்களின் ஓய்வூதியப் பொறுப்பு அந்தச் சிறிய அமைப்பின் தோள்மேல் அப்படியே இருந்தது. 2010இல் நொடித்துப்போய், லங்காஸ்டர் பல்கலைக்கழகத்தின் கைக்குப் போனது. மறு ஆண்டே ஹட்டன் ஆக்ஸ்ஃபோர்டின் ஹெர்ட்ஃபோர்டு கல்லூரிக்கு முதல்வராகி, 2020 வரை இருந்தார். இதைக் குத்திக்காட்டச் சொல்லவில்லை. ஒரு கல்லூரிக்குப் பொக்கிஷதாரர் என்று தனி ஆள் உண்டு, மூலநிதி உண்டு, கட்டடங்கள் உண்டு. முதல்வர் தடுமாறினாலும் கல்லூரி நிற்கும். மூலநிதி இல்லாத தொண்டு நிறுவனத்தில் தலைவரின் தடுமாற்றம் நேரே சம்பளப் பட்டியலில் தெரியும். ஆகவே கல்லூரியையும் அறக்கட்டளையையும் சேர்த்துக் கேட்டீர்களே, அவை இரண்டும் ஒரே வேலை அல்ல.

பணத்தை முதலிலேயே தீர்த்துக்கொண்டு போனவர் அமெரிக்காவின் பால் ஸ்டைகர். ‘வால் ஸ்ட்ரீட் ஜர்னல்’ செய்தி அறையைப் பதினாறு ஆண்டுகள் நடத்தியவர். 2007இல் அவர் விடைபெறும் வேளையில், வங்கித் தொழிலில் பெரும் செல்வம் ஈட்டிய ஹெர்பர்ட், மேரியன் சாண்ட்லர் தம்பதி ஆண்டுக்கு 1 கோடி டாலர் தருவதாக முன்வந்தார்கள். அப்படிப் பிறந்தது புரோபப்ளிகா. புலனாய்வுச் செய்திகளை எழுதி, மற்றப் பத்திரிகைகளோடு சேர்ந்து வெளியிடும் லாபநோக்கற்ற செய்தி நிறுவனம். கத்ரீனா புயலின்போது நியூ ஆர்லியன்ஸ் மருத்துவமனை ஒன்றில் நடந்ததைப் பற்றிய ஷெரி ஃபிங்கின் கட்டுரை, 2010இல் அவர்களுக்குப் புலிட்சர் பெற்றுத்தந்தது. கொடையாளிகளுக்கும் நிழல் உண்டு: 2008 வீட்டுக்கடன் நெருக்கடியில் சாண்ட்லர் தம்பதி நடத்திய நிறுவனத்தின் கடன்முறைகளே கண்டனத்துக்கு ஆளாயின. செய்தி நிறுவனத்தின் தலைவர் இதையும் சேர்த்துத்தான் சுமக்க வேண்டும்.

பத்திரிகைத் திறமை அப்படியே ஒரு பல்கலைக்கழகத்தின் பணியானதற்கு எனக்குப் பிடித்த உதாரணம் ஸ்டீவ் கோல். எண்பதுகளின் இறுதியில் டெல்லியிலிருந்து தெற்காசியச் செய்திகளை எழுதியவர். 1998 முதல் 2004 வரை ‘வாஷிங்டன் போஸ்ட்’டின் நிர்வாக ஆசிரியர். பிறகு நியூ அமெரிக்கா ஃபவுண்டேஷன் என்ற கொள்கை ஆய்வு அமைப்பின் தலைவராக ஐந்து ஆண்டுகள். 2013இல் கொலம்பியா பல்கலைக்கழக இதழியல் பள்ளியின் புலமுதல்வர். அந்தப் பதவியில் அமர்ந்த இரண்டாம் ஆண்டில், ‘ரோலிங் ஸ்டோன்’ இதழ் ஒரு பல்கலைக்கழக வளாகத்தில் நடந்ததாக வெளியிட்ட கூட்டு வன்புணர்வுச் செய்தி கேள்விக்குள்ளானது. எங்கே தவறினோம் என்று ஆராய்ந்து சொல்லும்படி அந்த இதழே கொலம்பியாவைக் கேட்டது. கோலும் இரண்டு சகாக்களும் எழுதிய அறிக்கையை, ஒரு சொல்லும் குறைக்காமல், 2015 ஏப்ரலில் அந்த இதழே வெளியிட்டது. மூலச் செய்தியைத் திரும்பப் பெற்றுக்கொண்டது. யாரிடம் கேட்டிருக்க வேண்டும், எந்தத் தொலைபேசி அழைப்பைச் செய்யாமல் விட்டார்கள் என்று படிப்படியாகப் பிரித்துக் காட்டும் அறிக்கை அது. வெறும் பேராசிரியர்களால் அதை எழுதியிருக்க முடியாது. கெடு நெருங்கும் இரவில் ஒரு செய்தியின் ஓட்டை கண்ணுக்குத் தெரிந்தும் அதைத் தாண்டிப் போகத் தூண்டும் ஆசையை அனுபவித்தவர்தான் எழுத முடியும்.

ரஸ்பிரிட்ஜருக்கும் இப்படி ஒரு பணி வாய்த்தது. கல்லூரியில் இருந்தபடியே ஆக்ஸ்ஃபோர்டின் ராய்ட்டர்ஸ் இதழியல் ஆய்வு நிறுவனத்தின் வழிகாட்டுக் குழுவுக்குத் தலைமை வகித்தார். 2020 மே மாதம் ஃபேஸ்புக் அமைத்த மேற்பார்வைக் குழுவின் முதல் இருபது பேரில் ஒருவரானார். ஃபேஸ்புக் 13 கோடி டாலரை ஒரு தனி அறக்கட்டளையில் போட்டு, எந்தப் பதிவு நிற்கலாம், எது நீக்கப்பட வேண்டும் என்ற மேல்முறையீட்டை அந்தக் குழுவிடம் விட்டது. டிரம்ப் கணக்கு முடக்கத்தை 2021 மே மாதம் சரியென்று சொன்ன அதே தீர்ப்பில், கால வரையறை இல்லாமல் முடக்கிவைப்பது முறையல்ல, ஆறு மாதத்துக்குள் ஒரு முடிவுக்கு வாருங்கள் என்றும் குழு சொல்லியது. பக்கத்தில் எது வரலாம் என்று முடிவு செய்துவந்தவருக்குப் பழகிய வேலைதான். ஆனால் இங்கே பத்திரிகை வேறொருவருடையது.

ஆகவே உங்கள் கேள்விக்கு என் பதில்: பொன்னாடையாகப் போர்த்தப்படும் இடங்களும் உண்டு, நாம் எல்லாரும் பார்த்திருக்கிறோம். வேலையாக எடுத்துக்கொண்டவர்களுக்குப் பத்திரிகை பாதித் தூரம் வரை துணை வருகிறது. உங்கள் ஊரில் ஒரு கல்லூரியோ தொண்டு நிறுவனமோ முன்னாள் ஆசிரியர் ஒருவரைத் தலைவராக்க யோசிக்கிறது என்றால், அவர் வெளியிட்ட பெரிய செய்திகளின் பட்டியலைப் பார்க்க வேண்டாம். வரவு செலவை அவர் எப்போதாவது கையில் எடுத்துப் பார்த்தாரா, தன்னை எதிர்த்துப் பேசியவரை அடுத்த கூட்டத்துக்கும் அழைத்தாரா என்று அவரோடு வேலை செய்த துணை ஆசிரியர்களைக் கேளுங்கள்.

கடைசியாக ஒன்று. இவர்கள் பெரும்பாலும் திரும்பிவிடுகிறார்கள். கோல் 2022இல் புலமுதல்வர் பதவியை விட்டு, பிறகு ‘எகனாமிஸ்ட்’ இதழுக்குப் போனார். ரஸ்பிரிட்ஜர் 2021இல் லேடி மார்கரெட் ஹாலை விட்டு ‘பிராஸ்பெக்ட்’ மாத இதழின் ஆசிரியரானார். அவர் கல்லூரியில் பத்துப் பேரோடு தொடங்கிய அடித்தள ஆண்டு முறையைப் பல்கலைக்கழகமே எடுத்துக்கொண்டு, பல கல்லூரிகள் சேர்ந்து நடத்தும் அஸ்ட்ரோஃபோரியா என்ற திட்டமாக விரித்தது. அதன் முதல் அணி 2023 இலையுதிர் பருவத்தில் வந்து சேர்ந்தபோது, அவர் லண்டனில் அடுத்த இதழுக்குக் கெடு வைத்துக்கொண்டிருந்தார்.